கணிப்பவரும் கணிப்பொறியும்

கணிப்பொறி என்ற அளவில் நம் உள்ளத்தில் தோன்றுவது ஒரு கருவியே. ஆயின், அக்கருவிக்கு ஆங்கிலத்தார் இட்ட 'கம்ப்யூட்டர்' என்னும் பெயர் முதற்கண் கருவியைக் குறித்ததன்று. 1613ஆம் ஆண்டிலேயே எழுத்து வழக்கிற் காணப்படும் அச்சொல், கணக்கிடும் மனிதரையே குறித்து வந்தது. முந்நூறு ஆண்டுகளுக்கு மேல் ஆளைச் சுட்டிய பெயர், இருபதாம் நூற்றாண்டின் நடுப்பகுதியில் பொறிக்கு ஆகி, ஆளை அறவே விட்டு நீங்கிற்று. இப்பொருள் மாற்றம் எவ்வாறு நிகழ்ந்தது என்பதையும், அதனால் வரலாற்றில் மறைந்தவர் யாவர் என்பதையும் ஈண்டு ஆராய்வோம்.

வினை செய்வானுக்கும் வினைக்குக் கருவியாவதற்கும் ஒரே விகுதி வருதல் தமிழுக்குப் புதிதன்று. விறகுவெட்டி என்புழி இகர விகுதி ஆளைக் குறித்தது. மண்வெட்டி என்புழி அதே விகுதி கருவியைக் குறித்தது. ஆங்கிலச் சொல்லின் இறுதியும் இவ்வியல்பினதே. ஆதலின், மனிதரைக் குறித்த சொல் பொறியைக் குறித்தல் இலக்கணத்தால் எளிது. ஆனால் அது நிகழ்வதற்கு, மனிதர் செய்த வினை முதலில் பொறி செய்யத்தக்க வினையாகப் பிரித்து அமைக்கப்பட வேண்டும். அவ்வாறு அமைத்த வரலாறே கணிப்பொறியின் வரலாறு என்பது எம் கருத்து.

ஆலி வால்மீன் மீண்டும் தோன்றும் காலத்தைக் கணிக்க, பிரான்சு நாட்டில் கிளேரோ, லாலாந்து, நிக்கோல் ரேன் லெப்போத் என்னும் மூவர் 1757, 1758ஆம் ஆண்டுகளிற் பல திங்கள் உழைத்தனர். வால்மீன் ஞாயிற்றை மிக அணுகும் நாள் 1759 ஏப்பிரல் நடுவில், ஒரு திங்கள் முன்பின்னாக அமையும் என்றனர். அது மார்ச்சு 13இல் அமைந்தது. மூவருள் ஒருவரான லெப்போத் அம்மையாரின் பெயரைக் கிளேரோ தம் நூலில் விடுத்தார். லாலாந்தே அவர்தம் உழைப்பைப் பதிவு செய்தார். கணித்தவர் பெயர் மறைதல் இத்துறையின் தொடக்கத்திலேயே காணப்படுகிறது.

அந்நூற்றாண்டின் இறுதியில், பிரெஞ்சு அரசுக்காக மடக்கை வாய்பாடுகளை ஆக்கத் தொடங்கிய தெ புரோனி, வேலையை மூன்று படிகளாக வகுத்தார். சூத்திரம் அமைப்போர் சிலர். அதனை எண்முறையாக்குவோர் சிலர். கூட்டலும் கழித்தலும் மட்டுமே செய்வோர் பலர். மூன்றாம் படியினர்க்கு உயர் கணிதம் தெரிய வேண்டுவதில்லை. இம்முறையை அறிந்த இங்கிலாந்தின் சார்லசு பாபேசு, கூட்டலும் கழித்தலுமே வேலையாயின் அதனைப் பற்சக்கரங்களே செய்யலாகும் எனத் துணிந்தார். 1822இல் அவர் ஒரு சிறு மாதிரியை அமைத்தார். 1834இல் அவர் கருதத் தொடங்கிய பகுப்புப் பொறியில், எண்களை வைக்கும் 'பண்டகம்' வேறு, கணக்கிடும் 'ஆலை' வேறு. கட்டளைகள் துளையிட்ட அட்டைகள் வழியே செல்லும். இவ்வட்டைகள் சக்கார்டு என்பாரின் பட்டுத் தறியிலிருந்து வந்தவை. அப்பொறி முற்றுப் பெறவில்லை. எனினும் அதற்கெனப் பெர்னூலி எண்களைக் கணிக்கும் முறையொன்றை 1843இல் அடா லவ்லேசு அம்மையார் விரித்தெழுதினார்.

இக்காலத்தை ஒட்டித் தமிழ்நிலத்தில் நிகழ்ந்த ஒன்றினை ஈண்டு எண்ணுதல் தகும். சென்னை வானாய்வுக் கூடத்தில் முன்னர்ப் பணிபுரிந்த சான் வாரன், 'காலசங்கலிதம்' என்னும் நூலை 1825இல் சென்னையில் வெளியிட்டார். புதுச்சேரியில் வாழ்ந்த பஞ்சாங்கக் கணிதர் ஒருவர், தரையிற் சோழிகளை இட்டும் நகர்த்தியும், அவ்வாண்டு மே 31, சூன் 1 ஆகிய நாட்களுக்கு இடைப்பட்ட இரவின் நிலவு மறைப்பைக் கணித்துக் காட்டியதை அவர் பதிவு செய்துள்ளார். வேண்டிய வாய்பாடுகள் ஏட்டில் இல்லை. எழுத்துகளை எண்களாகக் கொள்ளும் வாக்கியங்களாக அக்கணிதரின் நினைவில் இருந்தன. நிலவின் இயக்கத்திற்கு மட்டும் 248 வடமொழி வாக்கியங்கள் கொண்டது அம்மரபு. வானியல் வரலாற்றறிஞர் நாய்கெபாவர் 1952இல் இதனை மீண்டும் எடுத்துக்காட்டினார். அவர் தரும் கணக்கின்படி, மறைப்பின் தொடக்கத்தில் 4 நிமிடமும், நடுவில் 23 நிமிடமும், முடிவில் 52 நிமிடமுமே பிழை.

அக்கணிதர்க்கு வானியற் கோட்பாடு ஒன்றும் தெரியாது என வாரன் குறிக்கின்றார். இதனைக் குறையாகக் கொள்வாரும் உளர். யாம் அவ்வாறு கொள்ளவில்லை. கோட்பாட்டை அறியாமலே, வரையறுத்த விதிகளைப் படிப்படியாகப் பின்பற்றிச் சரியான விடையை அடைதல் என்பதே பின்னாளிற் கணிப்பொறியின் இலக்கணமாயிற்று. தெ புரோனியின் மூன்றாம் படியினரும் புதுச்சேரிக் கணிதரும் இவ்வகையில் ஒரு நிகரினர். ஆயினும் ஒரு வேறுபாடு உண்டு. பிரெஞ்சு முறையில் ஒரு கணக்கு பலர்க்குப் பகிர்ந்தளிக்கப்பட்டது. புதுச்சேரியில் விதியும் வாய்பாடும் கணக்கும் ஒருவரிடமே நிறைந்திருந்தன. இதனால் தமிழரே கணிப்பொறியைக் கண்டனர் என்று கூறுதல் எம் கருத்தன்று. சோழியிலிருந்து மின்பொறிக்கு நேர்வழி யாதும் இல்லை. கணிக்கும் மனிதரின் வரலாற்றில் அவர்க்கும் இடம் உண்டு என்பதே யாம் கூறுவது.

இந்திய நில அளவைத் துறையிலும் 'கம்ப்யூட்டர்' என்பது பதவிப் பெயராக வழங்கியது. 1831இல் அப்பணியிற் சேர்ந்த வங்காளத்து இராதாநாத் சிக்தார், பின்னர்த் தலைமைக் கணிப்பாளர் ஆனார். எவரெசுட்டு எனப் பின்னர்ப் பெயர் பெற்ற கொடுமுடியின் உயரம் 29,002 அடி என 1856இல் அறிவிக்கப்பட்டதற்கு அடிப்படையான கணக்கீட்டில் அவர் பங்கு பெரிது. ஆனால் மலைக்கு 1865இல் இடப்பட்ட பெயர், ஓய்வு பெற்ற அளவைத் தலைவர் ஒருவருடையது.

கணிப்பவர் இயல்பைக் கூர்ந்து நோக்கி, அதனைக் கோட்பாடாக்கியவர் ஆலன் தூரிங். 1936இல் அவர் எழுதிய கட்டுரையில் 'கம்ப்யூட்டர்' எனக் குறிக்கப்படுபவர் தாளும் எழுதுகோலும் கொண்டு கணக்கிடும் மனிதரே. அவர் ஒரு நேரத்தில் நோக்கும் குறிகள் சில; கொள்ளும் மனநிலைகளும் எண்ணற்கு அடங்கியன. அவ்வளவே வேண்டுமாயின் ஒரு பொறியும் அதனைச் செய்யும் என்று தூரிங் நிறுவினார். மனிதர்க்கும் பொறிக்கும் இடையே சொல் கைமாறிய இடம் இதுவே எனலாம்.

கைமாற்றம் செயலில் நிகழ்ந்தது இரண்டாம் உலகப் போரின்போது. அமெரிக்காவின் பென்சில்வேனியாப் பல்கலைக்கழகத்தில் ஏறத்தாழ 80 மகளிர் பீரங்கிக் குண்டுகளின் வழியைக் கணித்து வந்தனர். ஒரு வழியைக் கணிக்க ஒருவர்க்கு ஏறத்தாழ 20 மணி நேரம் வேண்டியிருந்தது. அதே வேலையை, மாக்லியும் எக்கர்ட்டும் வகுத்து 1946 பிப்பிரவரியில் வெளியுலகிற்குக் காட்டப்பட்ட எனியாக்கு என்னும் பொறி, 30 நொடியில் முடித்தது. ஏறத்தாழ 18,000 வெற்றிடக் குழல்களும் 30 டன் எடையும் உடையது அது. அதற்குக் கட்டளை அமைத்தவர் அக்கணிப்பு மகளிரினின்றும் தேர்ந்தெடுக்கப்பட்ட அறுவர்: கேத்லீன் மக்நல்ட்டி, சீன் செனிங்சு, பெட்டி சினைடர், மார்லின் வெசுகாஃப், பிரான்சிசு பிலாசு, ரூத் லிக்டர்மன். படங்களில் அவர்கள் பொறியருகே நின்றனர். பெயர்களோ பல்லாண்டு நூல்களில் இடம்பெறவில்லை. 1997இல்தான் அறுவர்க்கும் உரிய சிறப்புச் செய்யப்பட்டது.

பின் நிகழ்ந்தவை விரைந்து நிகழ்ந்தன. கட்டளைகளையும் தன் நினைவகத்திலேயே கொண்ட மின்பொறி 1948 சூன் 21இல் மான்செசுட்டரில் இயங்கிற்று. 1947இல் பிறந்த திரிதடையம் வெற்றிடக் குழலை நீக்கிற்று. 1958இல் தொகுப்புச் சுற்றும், 1971இல் ஏறத்தாழ 2,300 திரிதடையங்களைக் கொண்ட நுண்செயலியும் தோன்றின. இன்று ஒரு சில்லில் பல நூறு கோடித் திரிதடையங்கள் அடங்குகின்றன.

இனி மனிதர் முற்றும் நீங்கினரோ எனின், இல்லை. 2009இல் வெளியான இமேச்நெட்டு என்னும் படத்தொகுதி, பொறிக்குப் பார்க்கக் கற்பிக்கும் முயற்சியில் ஒரு திருப்பமாயிற்று. அதன் படங்கள் ஒவ்வொன்றிலும் இருப்பது யாதென இணையவழிக் கூலிக்குச் சரிபார்த்துக் குறித்தவர் பல்லாயிரவர். வேலையைச் சிறு கூறுகளாக்கிப் பலர்க்குப் பகிர்தல் தெ புரோனியின் முறையே. செய்தவர் பெயர் தோன்றாமையும் பழைய முறையே.

தமிழில் கணி, கணியன் என்பன மனிதரையே குறித்தன. கணியன் பூங்குன்றனார் பெயரே சான்று. சிலப்பதிகாரம் பெருங்கணியையும் காலக்கணிதரையும் காட்டும். கணிப்பொறி, கணினி என்னும் இக்காலச் சொற்களோ பிறந்தபோதே பொறியைக் குறித்தன. கணியன் என்னும் சொல்லைப் பொறி கவரவில்லை; அது மனிதர்க்கே உரியதாய் எஞ்சி நிற்கின்றது. இது நம் மொழிக்கு வாய்த்த ஒரு நலம். ஆனால் சொல் எஞ்சினால் மட்டும் போதாது. அறிவியல் வரலாறு எழுதப் புகும் தமிழாய்வாளர், பொறியின் ஆண்டுகளை எழுதுமிடத்துக் கணித்தவர் பெயரையும் தேடி எழுதுதல் வேண்டும். பெயர் கிடையாவிடின், சோழிகளை நகர்த்திய அந்தக் கையையேனும் குறித்தல் வேண்டும்.