தன் பெயரில் தோன்றுதல்

வன்னிக் கூத்தில் ஆட்டக்காரர் தன் பெயரோடு களரிக்கு வருவதில்லை. முல்லைத்தீவுக் கோவலன் கூத்தில் பாத்திரம் உள்ளே கால் வைக்கும்போதே வரவுப்பாட்டு அது யாரென்று சொல்லிவிடும். பகலில் வயலுக்குப் போகிறவரை ஊருக்கே தெரியும். ஆனாலும் அன்றிரவு அவர் தன்னைப் பற்றி ஒரு சொல் பேசமாட்டார். இந்த ஒழுங்கைத் தொலைக்காட்சி குலைத்துவிட்டது என்பார்கள். வன்னியில் அது அவ்வளவு சுலபமாக நடக்கவில்லை. 1982இல் அரச தொலைக்காட்சியான ரூபவாஹினி தொடங்கியது. தொண்ணூறுகளிலோ வன்னியில் மின்சாரமே இல்லை. ஜெனரேற்றரும் டெக்கும் வாடகைக்கு எடுத்து இந்தியப் படம் போட்டுத்தான் சனம் திரையைப் பார்த்தது. 2005இல் கிளிநொச்சியிலிருந்து புலிகளின் தமிழீழத் தேசியத் தொலைக்காட்சி செய்மதி வழியே வந்தபோது உள்ளூர் முகங்கள் தெரிந்தன. ஆனால் போராளிக் கலைஞர் தோன்றியது இயக்கப் பெயரில். பெற்றோர் வைத்த பெயரை ஊர் கேட்டது பெரும்பாலும் வீரச்சாவு அறிவித்தலில்தான்.

போருக்குப் பிறகு வன்னி மக்கள் சொந்தப் பெயரோடு திரைக்கு வந்தார்கள், துயரத்தின் சாட்சிகளாக. 2017 பெப்ரவரி 20இல் கிளிநொச்சி கந்தசுவாமி கோவில் முன்றலில் காணாமல் ஆக்கப்பட்டோரின் உறவுகள் போராட்டம் தொடங்கினார்கள். கமெரா முதலில் நெஞ்சோடு அணைத்த மகனின் படத்தைக் காட்டும், பிறகு தாயின் கண்ணை, பிறகு அடுத்த செய்தி. அந்தத் தாய்க்கும் பகிடி உண்டு, அயலவரோடு சண்டை உண்டு. அதற்கெல்லாம் செய்தியில் இடமில்லை. அதனால்தான் 2019இல் விஜய் தொலைக்காட்சியின் பிக் பாஸ் மூன்றாம் பருவத்தில் லொஸ்லியா மரியநேசன் தோன்றியதை வெறும் பொழுதுபோக்கு என்று தள்ளிவிட முடியாது. 1996இல் கிளிநொச்சியில் பிறந்தவர். சக்தி தொலைக்காட்சியில் செய்தி வாசித்தவர். தன் மனதை முகத்தில் காட்டாதிருப்பதே அந்தத் தொழில். அவரே சென்னையில் நூறு நாளளவு சிரித்தார், முரண்டு பிடித்தார், பிழை விட்டார், மூன்றாமிடமும் பெற்றார். கனடாவிலிருந்து வந்த தந்தை அத்தனை கமெராவுக்கும் முன்னால் மகளைக் கண்டித்தபோது, புலம்பெயர்ந்த வீடுகள் பலவற்றில் ரெலிபோனில் நடக்கும் சண்டை திரைக்கு வந்தது.

அதுவும் வெட்டி ஒட்டியதுதானே, தானாக இருப்பதும் ஒரு வேடந்தானே என்று கேட்கலாம். உண்மைதான்; வெட்டாத செய்தி மட்டும் எங்கே இருக்கிறது? திருகோணமலையில் வளர்ந்த லொஸ்லியா எப்படி வன்னியாள் என்ற கேள்வி அதைவிடப் பலவீனமானது. அவர் பிறந்த ஆண்டிலேயே இராணுவத்தின் சத்ஜெய நடவடிக்கையில் கிளிநொச்சி வீழ்ந்தது, சனம் இடம்பெயர்ந்தது. இடம்பெயராதவரே வன்னியார் என்றால் மிகச் சிலரே தேறுவர். ஈழத்துப் பேச்சு தமிழ்நாட்டாருக்கு இனித்தது, அதைக் காசாக்கினார்கள் என்ற குற்றச்சாட்டுக்கு மட்டும் என்னிடம் மறுப்பில்லை. விற்கக்கூடிய இளமையும் அழகும் இருந்தவருக்கே அந்த வாசல் திறந்தது. கொழும்புத் தமிழ் அலைவரிசைகள் முள்ளியவளைக் கூத்து அண்ணாவியார் ஒருவரை வேட உடுப்பும் கிரீடமும் இல்லாமல் அமரவைத்து, ஒரு மணி நேரம் அவரைப் பற்றியே பேசவிடட்டும். அதற்குச் சென்னைக்குப் போகவேண்டியதில்லை.