சீனாவில் மொழி பயிலும் அயல்நாட்டு மாணவர்கள்

சீனப் பல்கலைக்கழகங்களில் மொழி கற்கச் சேரும் பிற நாட்டினர், பாடத்தோடு அந்நாட்டின் குடியிருப்பு விதிகள், உணவு, குளிர், வட்டாரப் பேச்சு ஆகியவற்றுக்கும் பழகிக்கொள்ள வேண்டியுள்ளது. சீனக் கல்வி அமைச்சின் கணக்குப்படி, 2018-இல் 196 நாடுகளைச் சேர்ந்த 4,92,185 அயல்நாட்டு மாணவர்கள் அங்கு பல்வேறு படிப்புகளில் பயின்றனர்.

வரலாறு

1950-இல் கிழக்கு ஐரோப்பிய நாடுகளிலிருந்து 33 மாணவர்கள் பெய்ஜிங் வந்தனர். அவர்களுக்காகச் சிங்குவா பல்கலைக்கழகத்தில் தனி மொழி வகுப்பு தொடங்கப்பட்டது. 1962-இல் இப்பணிக்கென்றே நிறுவப்பட்ட கல்விநிலையமே இன்றைய பெய்ஜிங் மொழி பண்பாட்டுப் பல்கலைக்கழகம். பண்பாட்டுப் புரட்சியால் 1966-இல் நின்றுபோன மாணவர் சேர்க்கை 1973-இல் மீண்டும் தொடங்கியது. கொரோனா பெருந்தொற்றின்போது 2020 மார்ச்சில் மூடப்பட்ட எல்லை, மாணவர்களுக்கு 2022 ஆகஸ்டில் திறக்கப்பட்டது.

மொழிப் பயிற்சி

தொடக்க நிலையில் பின்யின் என்னும் உரோமன் எழுத்துமுறை வழியாக ஒலிப்பும் நான்கு தொனிகளும் கற்பிக்கப்படுகின்றன. சீன எழுத்துகளை முன்பே அறிந்த ஜப்பானிய மாணவர்கள் வாசிப்பில் விரைந்து முன்னேறுகின்றனர். மற்றவர்கள் கோடுகளின் வரிசையிலிருந்தே தொடங்குகின்றனர். தேர்ச்சியை அளக்க எச்.எஸ்.கே. தேர்வு உள்ளது. வகுப்பில் கற்பது பொதுச்சீனம் என்பதால், செங்டு, குவாங்சோ போன்ற நகரங்களின் சந்தைப் பேச்சு முதலில் பிடிபடுவதில்லை.

அன்றாட வாழ்க்கை

நீண்டகாலப் படிப்புக்கான விசாவில் வருவோர் 30 நாட்களுக்குள் வசிப்பு அனுமதிக்கு விண்ணப்பிக்க வேண்டும். விடுதிக்கு வெளியே வீடெடுத்துத் தங்குவோர் 24 மணி நேரத்துக்குள் காவல் நிலையத்தில் பதிவு செய்ய வேண்டும். கடை, பேருந்து, உணவகம் எங்கும் கைப்பேசிவழிக் கட்டணமே வழக்கம் என்பதால் வங்கிக் கணக்கும் உள்ளூர்க் கைப்பேசி எண்ணும் முதல் தேவைகளாகின்றன. முஸ்லிம் மாணவர்களுக்காகப் பல வளாகங்களில் ஹலால் உணவகங்கள் இயங்குகின்றன. வடசீனக் கட்டடங்களில் குளிர்காலத்தில் மையச் சூடேற்றம் உண்டு. தெற்கில் அது பெரும்பாலும் இல்லாததால் அறைக்குள்ளும் குளிர் வாட்டும். அயல்நாட்டினரைத் தனி விடுதிகளில் தங்கவைக்கும் வழக்கம், சீன மாணவர்களோடு பேசிப் பழகும் வாய்ப்பைக் குறைக்கிறது. இக்குறையைப் போக்க, ஒருவருக்கொருவர் தம் மொழியைக் கற்பிக்கும் இணைகளை மாணவர்கள் தேடிக்கொள்கின்றனர்.

மருத்துவ மாணவர்கள்

தமிழ்நாடு உள்ளிட்ட இந்திய மாநிலங்களிலிருந்து செல்வோரில் பெரும்பாலோர் ஆங்கிலவழி மருத்துவம் பயில்கின்றனர். எனினும், மருத்துவமனைப் பயிற்சியில் நோயாளிகளிடம் சீனமொழியிலேயே பேச வேண்டியிருப்பதால், இவர்களும் எச்.எஸ்.கே. நான்காம் நிலையில் தேறுவது கட்டாயம்.