இருபத்துநான்கு விநாடிக் கணக்கு

சென்ற கோடை விடுமுறையில் நமது காலனி மைதானத்தில் கூடைப்பந்து ஆடிக்கொண்டிருந்த சிறுவர்களுக்கு நேரம் பார்த்துச் சொல்லும் பொறுப்பு எனக்கு வாய்த்தது. ஆட்டம் அறிந்தவன் என்பதற்காக அன்று. என் கையில் கடிகாரம் இருந்தது என்பதற்காக. பந்தைக் கைக்கொண்ட கோஷ்டி 24 விநாடிக்குள் அதைக் கூடையை நோக்கி எறிந்தாக வேண்டும், தவறினால் பந்து எதிர்க் கோஷ்டிக்குப் போய்விடும் என்று விதியை எனக்குச் சொல்லிக் கொடுத்த பையன் ஒருவனே, “மாமா, அது என்ன இருபத்துநான்கு? இருபது, முப்பது என்று முழு எண்ணாக வைத்திருக்கக் கூடாதா?” என்றும் கேட்டான். எனக்கு விடை தெரியவில்லை. அன்று தொடங்கிக் கிடைத்த நூல்களையும் குறிப்புகளையும் புரட்டியதில் தெரிந்துகொண்டதே இக்கட்டுரை. அந்த எண்ணுக்குப் பின்னால் அமெரிக்கச் சாம்பியன் பட்டப் போட்டியின் சரித்திரமும், சிறியதோர் ஊரின் கதையும் மறைந்திருப்பதை நான் எதிர்பார்க்கவில்லை.

கூடைப்பந்து பிறந்தது 1891-ஆம் ஆண்டு டிசம்பர் மாதம். மாசசூசெட்ஸ் மாகாணத்து ஸ்பிரிங்பீல்டு நகரில், ஒய்.எம்.சி.ஏ. பயிற்சிப் பள்ளி ஆசிரியர் ஜேம்ஸ் நெய்ஸ்மித், பனிக்காலத்தில் கட்டடத்துக்குள் ஆடுவதற்கென்று இரண்டு பழக்கூடைகளைச் சுவரில் மாட்டி இதைத் தொடங்கினார். அதே ஒய்.எம்.சி.ஏ. வழியாகத்தான் நம் நாட்டிலும் இது வேரூன்றியது. சென்னையில் 1920-இல் ஹாரி குரோ பக் நிறுவிய உடற்பயிற்சிக் கல்லூரியை அன்பர்கள் அறிவர்.

கூலி பெற்று ஆடுவோரின் பெரிய சங்கம் ஒன்று அமெரிக்காவில் 1946-ஆம் ஆண்டு ஜூன் மாதம்தான் அமைந்தது. பெருநகரங்களில் பனி ஹாக்கி அரங்குகளை வைத்திருந்த முதலாளிகள், ஹாக்கி இல்லாத இரவுகளில் அரங்கு காலியாகக் கிடப்பதைக் கண்டு, அதை நிரப்ப வழி தேடினார்கள். அதுவே காரணம்; கலை வளர்ப்பதற்காக என்று நாம் கற்பித்துக்கொள்ள வேண்டியதில்லை. பதினொரு கோஷ்டிகள் ஆடின. 1947-இல் நடந்த முதல் இறுதிப் போட்டியில் பிலடெல்பியா வாரியர்ஸ், சிகாகோ ஸ்டாக்ஸ் கோஷ்டியை நான்குக்கு ஒன்று என்ற கணக்கில் வென்றது. 1949-இல் மற்றொரு சங்கத்துடன் இணைந்து, இன்று உலகம் அறியும் என்.பி.ஏ. ஆயிற்று. அவ்வாண்டு பதினேழு கோஷ்டிகள். அவற்றுள் பல, பெருநகரத்தார் பெயர்கூடக் கேள்விப்பட்டிராத ஊர்களைச் சேர்ந்தவை.

இறுதிப் போட்டியின் முறையை இங்கே சொல்லிவிடுவது நலம். சாம்பியன் பட்டம் ஒரே ஆட்டத்தில் தீர்வதில்லை. ஏழு ஆட்டங்கள் குறிக்கப்படும்; முதலில் நான்கை வெல்லும் கோஷ்டிக்கே பட்டம். ஒருநாள் அதிர்ஷ்டத்தில் வென்றுவிட முடியாது. சொந்த ஊரில் ஆடும் ஆதாயமும் இருவருக்கும் பங்கிடப்படும். இன்றோ பதினாறு கோஷ்டிகள் நான்கு சுற்றுகளில் மோதுகின்றன. ஒவ்வொரு சுற்றும் ஏழு ஆட்டத் தொடர். பட்டம் பெற வேண்டுமாயின் பதினாறு வெற்றிகள் வேண்டும்.

ஆனால் ஆரம்ப ஆண்டுகளில் இந்த ஆட்டத்தைப் பிடித்திருந்த நோய் ஒன்று உண்டு. பந்தை எவ்வளவு நேரம் வேண்டுமானாலும் கையில் வைத்திருக்கலாம் என்று விதி இடம் கொடுத்தது. ஒரு புள்ளி முன்னணியில் நிற்கும் கோஷ்டி, பந்தைத் தனக்குள்ளேயே மாற்றி மாற்றிக் கொடுத்துப் பொழுதைக் கழித்துவிடும். அப்போது மினியாபொலிஸ் லேக்கர்ஸ் கோஷ்டியில் ஆறடி பத்தங்குல உயரமுள்ள ஜார்ஜ் மைக்கன் என்பவர் ஆடினார். அவரை எதிர்த்து நேராக ஆடி வெல்வது அரிது. ஆகவே 1950-ஆம் ஆண்டு நவம்பர் 22-ஆம் தேதி மினியாபொலிசுக்கு வந்த போர்ட் வெயின் பிஸ்டன்ஸ் கோஷ்டியார், ஆட்டம் முழுவதும் பந்தை ஒளித்து வைத்தாற்போல் பிடித்துக்கொண்டே நின்றனர். முடிவு 19-க்கு 18. வெற்றி போர்ட் வெயினுக்கு. கடைசிக் கால்பகுதியில் இரு கோஷ்டியும் சேர்ந்து எடுத்தது நான்கே புள்ளிகள்! அடுத்த ஜனவரியில் ராச்செஸ்டருக்கும் இண்டியானாபொலிசுக்கும் நடந்த ஆட்டம் ஆறு முறை நீட்டிக்கப்பட்டது. காசு கொடுத்து வந்தவர்கள் இதையா பார்ப்பார்கள்?

பின்தங்கிய கோஷ்டிக்கு இருந்த ஒரே வழி, பந்து வைத்திருப்பவன் மீது வேண்டுமென்றே மோதித் தவறு செய்வது. தவறுக்குத் தண்டனையாக அவனுக்குத் தடையில்லா எறிவு கிடைக்கும்; அதன்பின் பந்து தங்களிடம் வரும். இதனால் ஆட்டம், ஓட்டமும் எறிவுமாக இல்லாமல், விசில் சத்தமும் வரிசையில் நிற்பதுமாக ஆயிற்று. 1953-ஆம் ஆண்டு மார்ச் 21-இல் பட்டப் போட்டியின் முதற்சுற்றில் பாஸ்டனும் சிரக்யூசும் மோதிய ஆட்டம் நான்கு முறை நீண்டது. அதில் குறிக்கப்பட்ட தவறுகள் 106. பாஸ்டன் வீரர் பாப் கூசி தனியொருவராக 50 புள்ளிகள் எடுத்தார். அவற்றுள் 30 தடையில்லா எறிவுகளால் வந்தவை. பாஸ்டன் 111, சிரக்யூஸ் 105. சிரக்யூஸ் போட்டியிலிருந்து விலகிற்று.

அந்தச் சிரக்யூஸ் கோஷ்டியின் உரிமையாளர்தான் நம் கதாநாயகர்.

டானி பியசோன் இத்தாலியில் 1909-இல் பிறந்து, சிறு பிராயத்திலேயே பெற்றோருடன் அமெரிக்கா வந்து குடியேறியவர். அரங்க முதலாளியோ, ஆலை அதிபரோ அல்லர். பௌலிங் என்னும் உருட்டுப்பந்து விளையாட்டுக் கூடம் ஒன்றை நடத்திப் பிழைத்தவர். சிரக்யூஸ் நியூயார்க் மாகாணத்தில் உப்பளத்தால் வளர்ந்த ஊர். 1950-இல் அதன் ஜனத்தொகை சுமார் 2,20,000. (ரயில்வே ஊழியன் என்ற முறையில் ஒன்று சொல்ல ஆசைப்படுகிறேன்: 1936 வரை அவ்வூரின் வாஷிங்டன் வீதி நடுவிலேயே, கடைகளுக்கும் மோட்டார்களுக்கும் இடையே, நீண்ட தூர ரயில்கள் ஓடின. கேட் கீப்பர் பாடு என்னவாக இருந்திருக்கும்!)

பியசோனுக்குத் தோன்றிய யோசனை இது. தாம் ரசித்துப் பார்த்த நல்ல ஆட்டங்களின் கணக்குத் தாள்களை எடுத்துப் பார்த்தார். அவற்றில் ஒவ்வொரு கோஷ்டியும் ஏறக்குறைய 60 முறை எறிந்திருந்தது. இரண்டும் சேர்ந்து 120. ஆட்டத்தின் நேரம் 48 நிமிஷம், அதாவது 2,880 விநாடி. 2,880-ஐ 120-ஆல் வகுத்தால் 24. இவ்வளவுதான். கல்லூரிப் பேராசிரியர் எவரும் வேண்டியிருக்கவில்லை. நான்காம் வகுப்பு வகுத்தல் போதுமானதாயிற்று. அவருடைய நிர்வாகி லியோ பெரிஸ் என்பவருக்கும் இதில் பங்குண்டு. வகுத்துப் பார்த்தவரே அவர்தாம் என்பாரும் உளர். நாள் முழுதும் டன்னையும் மைலையும் பெருக்கியும் வகுத்தும் வாழும் என் போன்ற குமாஸ்தாக்களுக்கு, இருவரில் யாராயினும் சம்மதமே.

1954-ஆம் ஆண்டு ஆகஸ்டு 10-இல், மற்ற உரிமையாளர்களைச் சிரக்யூசுக்கு வரவழைத்து, பள்ளிக்கூட உடற்பயிற்சிக் கூடம் ஒன்றில் இவ்விதிப்படி ஆட்டம் நடத்திக் காட்டினார். சங்கம் ஏற்றுக்கொண்டது. கூடவே, ஒரு கால்பகுதியில் ஆறு தவறுகளுக்கு மேல் செய்யும் கோஷ்டிக்குக் கூடுதல் தண்டனை என்ற விதியும் வந்தது. இவ்விரண்டும் சேர்ந்ததால்தான் நோய் தீர்ந்தது என்பது என் அபிப்பிராயம். ஒன்றை மட்டும் போட்டிருந்தால் மற்ற வாசல் திறந்தே இருந்திருக்கும். ஒரு கோஷ்டி சராசரியாக எடுத்த புள்ளிகள் முந்திய பருவத்தில் 79.5, புதிய பருவத்தில் 93.1. ஆயினும் மருந்து தாமதமாகவே வந்தது. 1954 நவம்பரில் பால்டிமோர் கோஷ்டி கலைந்தது. பதினேழாக இருந்த சங்கம் எட்டாகச் சுருங்கியது.

அந்த முதற்பருவத்தின் இறுதிப் போட்டிக்கு வந்தவர்கள் யார் தெரியுமா? ஒருபுறம் பியசோனின் சிரக்யூஸ் நேஷனல்ஸ். மறுபுறம், பந்தைப் பிடித்து நின்றே 19-க்கு 18 என்று வென்ற அதே போர்ட் வெயின் பிஸ்டன்ஸ்! போர்ட் வெயினும் சிற்றூரே. ஆனால் அதன் உரிமையாளர் பிரெட் ஜால்னர், எஞ்சின்களுக்கு பிஸ்டன் செய்யும் ஆலையின் அதிபர். கோஷ்டியின் பெயரே அதனால் வந்தது. பிறர் ரயிலில் இரவெல்லாம் பயணம் செய்த காலத்தில் தம் ஆட்டக்காரருக்கென்று சொந்த விமானமே வைத்திருந்தார். அவ்வளவு இருந்தும், அவ்வூர் அரங்கத்தைத் தேசிய உருட்டுப்பந்துப் போட்டி பிடித்துக்கொண்டதால், தங்கள் பங்குக்கான மூன்று ஆட்டங்களையும் இண்டியானாபொலிசுக்குக் கொண்டுபோய் ஆட நேர்ந்தது. உருட்டுப்பந்துக் கூடத்துக்காரர் பியசோன் இதைக் கேட்டு மனத்துக்குள் சிரித்திருப்பாரோ என்னவோ!

முதல் இரண்டு ஆட்டங்கள் சிரக்யூசில், இரண்டும் சிரக்யூசுக்கு. அடுத்த மூன்று இண்டியானாபொலிசில். மூன்றும் போர்ட் வெயினுக்கு. ஆறாவது சிரக்யூசுக்கு, 109-க்கு 104. ஏழாவது ஆட்டம் 1955 ஏப்ரல் 10-ஆம் தேதி. இரண்டாம் கால்பகுதியில் போர்ட் வெயின் 41, சிரக்யூஸ் 24. பதினேழு புள்ளி வித்தியாசம். பழைய விதி இருந்திருப்பின் அங்கேயே கதை முடிந்திருக்கும். போர்ட் வெயின் பந்தைக் கட்டிப்பிடித்துக்கொண்டு நின்றிருக்கும். சிரக்யூஸ் மோதி மோதித் தவறு செய்து ஓய்ந்திருக்கும். இப்போதோ 24 விநாடிக்கு ஒருமுறை போர்ட் வெயின் எறிந்தே ஆக வேண்டும். எறிந்தது தவறினால் பந்து சிரக்யூசுக்கு. இப்படிச் சிறிது சிறிதாகக் கடன் தீர்ந்தது. ஆட்டம் முடிய 12 விநாடி இருக்கையில் இரு பக்கமும் 91. சிரக்யூசின் ஜார்ஜ் கிங் தடையில்லா எறிவொன்றைக் கூடையில் போட்டார். 92. பின்பு பந்தோடு வந்த போர்ட் வெயின் வீரரிடமிருந்து அதைப் பறித்தவரும் அவரே.

அந்தக் கோஷ்டியில் இருந்த ஏர்ல் லாய்டு, ஜிம் டக்கர் இருவரும் இச்சங்கத்தின் சாம்பியன் பட்டம் பெற்ற முதல் நீக்ரோ வீரர்கள் (இன்றைய வழக்கில் கறுப்பர் என்போம்). லாய்டு 1950 அக்டோபர் 31-இல் இச்சங்கத்து ஆட்டத்தில் இறங்கிய முதல் கறுப்பரும் ஆவார்.

ஆட்டத்தைக் காப்பாற்றிய விதி, அதைக் கண்டவரின் ஊரைக் காப்பாற்றவில்லை என்பதுதான் என் மனத்தை வருத்துவது. ஆட்டம் விறுவிறுப்பாயிற்று, கூட்டம் பெருகிற்று, தொலைக்காட்சி வந்தது, பணம் வந்தது. பணம் வந்ததும் பெரிய அரங்கங்களும் பெருநகரங்களும் வேண்டியவையாயின. 1957-இல் போர்ட் வெயின் கோஷ்டி டெட்ராய்டுக்கும், ராச்செஸ்டர் கோஷ்டி சின்சினாட்டிக்கும் போயின. 1960-இல் மினியாபொலிஸ் லேக்கர்ஸ் லாஸ் ஏஞ்சல்சுக்குப் போயிற்று. சிரக்யூஸ் இச்சங்கத்தில் ஆடிய பதினான்கு பருவங்களிலும் ஒன்று விடாமல் பட்டப் போட்டிக்குத் தகுதி பெற்றது. அப்படியும் 1963-இல் பியசோன் கோஷ்டியை விற்றார். அது பிலடெல்பியாவுக்குக் குடிபெயர்ந்து, ‘செவன்டி சிக்சர்ஸ்’ என்று பெயரும் மாற்றிக்கொண்டது. 1967-லும் 1983-லும் பட்டம் வென்றபோது ஊர்வலம் பிலடெல்பியா வீதிகளில் போயிற்று. பிழைப்புக்காக ஊர் விட்டு ஊர் வந்த நமக்கு, குடிபெயர்ந்தவர்கள் பக்கத்து நியாயம் தெரியும். விட்டுவிட்டு வந்த ஊரில் எஞ்சியிருப்போர் பக்கத்து நியாயமும் தெரியாமல் இல்லை.

உலக ஆட்ட விதிகளில் முதலில் 1956-இல் 30 விநாடி என்று வைத்தார்கள். 2000-ஆம் ஆண்டில்தான் அதுவும் 24 ஆயிற்று. ஆகவே நம் காலனிச் சிறுவர்கள் இன்று எண்ணுவது சிரக்யூஸ் கணக்கையே. பியசோன் 1992-இல் காலமானார். ஸ்பிரிங்பீல்டில் உள்ள கூடைப்பந்துப் புகழ் மண்டபத்தில் 2000-இல் அவர் பெயரைச் சேர்த்தனர். 2005-இல் சிரக்யூஸ் நகரத்தார், பழைய 24 விநாடிக் கடிகாரத்தைப் போன்ற ஒன்றைச் செய்து தங்கள் ஊர்ச் சதுக்கத்தில் நிறுத்தினார்கள்.

கேள்வி கேட்ட பையனிடம் இக்கணக்கைச் சொன்னேன். அவன் மணலில் குச்சியால் 2,880-ஐ எழுதி, தானே ஒருமுறை வகுத்துப் பார்த்துவிட்டுத்தான் ஒப்புக்கொண்டான்.