அங்காடியும் ஆலயமும்

திருவிழாக் காலத்துத் திருக்கோயிலுக்கு வருவோர் யாவரும் கோபுரத்தைக் கண்டு கைகுவிப்பதற்கு முன்னரே கடைவீதியைக் கடந்தாக வேண்டும். தேங்காயும் பழமும், வெற்றிலையும் பாக்கும், கற்பூரமும் குங்குமமும் ஆங்கே நம்மை எதிர்கொள்கின்றன. அவற்றின் நடுவே அமர்ந்திருப்பவனிடம் விலையைக் கேட்கின்றோம், அவனை நோக்குவதில்லை. சரித்திரம் எழுதினோரும் பெரும்பாலும் அவ்வாறே கடந்து சென்றனர். மன்னர் போர்க்களங்கள் நமக்கு மனப்பாடம்; மளிகைக் கடைக்காரன் வாழ்ந்த வாழ்வை யார் எழுதினார்? எனினும் நம் கோயிற் சுவர்கள் அவனை மறக்கவில்லை.

தஞ்சைப் பெருவுடையார் கோயிலை எடுத்துக்கொள்வோம். கி.பி. 1010-இல் விமானத்துக்குக் கலசம் அளித்த இராசராச சோழர், ஆங்குப் பரிவார ஆலயத்துப் பிள்ளையாருக்கு நாள்தோறும் வாழைப்பழம் அமுது செய்விக்க ஏற்பாடு செய்தார். எத்தனை பழம்? நாளொன்றுக்கு 150. ஆண்டுக்கு 360 நாள் எனக் கொண்டால் 54,000 பழம். காசு ஒன்றுக்கு 1,200 பழம் என்பது விலை. ஆகவே ஆண்டுக்கு 45 காசு வேண்டும். இந்த 45 காசு எங்கிருந்து வரும்? 360 காசை முதலாக வைத்துத் தஞ்சை நகரத்து வணிகர் கையிற் கொடுத்தார் மன்னர். காசு ஒன்றுக்கு ஆண்டுக்கு அரைக்கால் காசு பொலிசை. 360 காசுக்கு அரைக்கால் வீதம் கணக்கிட்டால் வருவது சரியாக 45 காசு. ஒரு பழமும் கூடவில்லை, குறையவில்லை! கணக்கப்பிள்ளைகள் இதனைக் கேட்டு மகிழ்வார்கள்.

இம்முதலைப் பெற்றவர் யார் என்பதே ஈண்டு நாம் சிந்திக்கத் தக்கது. பெருநிலக்கிழாரிடம் மன்னர் கொடுத்தாரில்லை. பெருந்தெருக்களிலும் திரிபுவனமாதேவிப் பேரங்காடியிலும் வாணிகம் செய்த நகரத்தாரே அதனை ஏற்றுக்கொண்டனர். சந்திர சூரியர் உள்ளவரை என்பது உடன்பாடு. முதலைத் திருப்பிக் கேட்பார் இலர். பொலிசையை நிறுத்தவும் வழியில்லை. மழை பொய்த்த ஆண்டும் உண்டு, புயல் வாழையைச் சாய்த்த ஆண்டும் உண்டு. பிள்ளையாருக்குரிய 150 பழம் குறைதல் ஆகாது. கடைக்காரன் இறந்தால் அவன் மகன் ஏற்க வேண்டும். அவன் நொடித்தால் அங்காடியார் ஒன்றுகூடித் தாங்க வேண்டும். தனி ஒருவரை நம்பாது அங்காடியின் கூட்டத்தை நம்பி மன்னர் கொடுத்த காரணம் இதுவே என்று நாம் கருதுகின்றோம். பழம் மட்டுமன்று, திருமஞ்சன நீரில் இடும் ஏலவரிசி, சண்பக மொட்டு, இலாமிச்சை ஆகியவற்றுக்கும் இவ்வாறே முதல் வைக்கப்பட்டது. ஆகவே அக்காலத்துக் கோயில் அங்காடிக்குக் கடன் கொடுத்தது. அங்காடி கோயிலுக்கு அமுது கொடுத்தது. ஒன்றின்றி மற்றொன்று நடவாது.

இந்த நம்பிக்கை ஒரு நாளில் விளைந்ததன்று. மதுரையில் பகலில் நாளங்காடியும் இரவில் அல்லங்காடியும் நடந்ததை மதுரைக்காஞ்சி கூறும். புகாரில் மருவூர்ப்பாக்கத்துக்கும் பட்டினப்பாக்கத்துக்கும் இடையே மரநிழலில் நாளங்காடி கூடியதையும், அங்கே ஒரு காவற்பூதம் நின்றதையும் சிலம்பு கூறும். அப்பம் விற்றோர், உப்பு விற்றோர், மீன் விற்றோர், வெற்றிலை விற்றோர் என்று இளங்கோவடிகள் சிறு வணிகரையும் விடாது எண்ணிச் செல்கின்றார். கொள்வதை மிகையாகக் கொள்ளாமையும் கொடுப்பதைக் குறையாமற் கொடுத்தலும் புகார் வணிகர் இயல்பு என்பது பட்டினப்பாலை தரும் சான்று. (எல்லாக் கடைக்காரரும் அவ்வாறே இருந்தனர் என்று நாம் சொல்ல வரவில்லை, கள்ளத் தராசும் அக்காலத்தில் இருந்திருக்கும்!)

இனித் திருத்தொண்டர் புராணத்துக்கு வருவோம். சேக்கிழார் பெருமான் அரசரைப் பாடினார், அந்தணரைப் பாடினார், அங்காடியையும் பாடினார். பரமதத்தன் கடையிலிருந்து வீட்டுக்கு அனுப்பிய இரண்டு மாங்கனிகளிலிருந்தே காரைக்காலம்மையார் வரலாறு விரிகின்றது. பழையாறை அமர்நீதியார் பொன்னும் மணியும் பட்டும் விற்ற வணிகர். அவரைச் சோதிக்க வந்த பெருமான் எதனைக் கொண்டு சோதித்தார்? வாளைக் கொண்டன்று, வாதத்தைக் கொண்டன்று. தராசைக் கொண்டே சோதித்தார். ஒரு தட்டில் கோவணம். மறுதட்டில் கடையிலுள்ள பொருள் அனைத்தும் ஏறின. தட்டு நேர் நிற்கவில்லை. இறுதியில் வணிகரும் மனைவியாரும் மைந்தரும் ஏறினர். தட்டு நேர் நின்றது. வாழ்நாள் முழுவதும் பிறர் பொருளை நிறுத்தவர் தம்மையே நிறுத்துக் கொடுத்த வரலாறு இது.

திருவொற்றியூர்க் கலிய நாயனாரோ எண்ணெய் வாணிகர். செல்வம் தேய்ந்தபோது தம் குலத்தார் செக்கிலேயே கூலியாளாக உழைத்தார். அந்தக் கூலியும் கிடையாதபோது திருவிளக்கில் எண்ணெய்க்கு மாறாகத் தம் குருதியை வார்க்கத் துணிந்து, கழுத்தை அரியத் தொடங்கினார், இறைவன் தடுத்தாட்கொண்டான். ஒரு கடை நொடித்துப்போவது எவ்வளவு பெரிய துன்பம் என்பதைச் சமயநூல் இவ்வளவு அருகிலிருந்து கண்டிருக்கின்றது. மதுரை மூர்த்தி நாயனாருக்குச் சந்தனக் கட்டை எங்கும் கிடையாதவாறு செய்தான் அயலிலிருந்து வந்த அரசன். அவர் தம் முழங்கையையே கல்லில் தேய்த்தார். அரசன் நினைத்தால் கடைத்தெருவை வறளச் செய்யலாம் என்ற அரசியல் உண்மையும் அப்புராணத்தில் அடங்கியுள்ளது.

நிற்க. இத்தனை புகழும் பாடிய சைவ உலகம், கண்முன் வாழ்ந்த கடைக்காரரை எவ்வாறு நடத்திற்று? இதனைச் சொல்லாது விடுதல் நேர்மை ஆகாது.

19-ஆம் நூற்றாண்டில் தென்பாண்டிச் சீமையிலிருந்து நாடார் குலத்து வணிகர் பலர் கருப்புக்கட்டி, உப்பு, கருவாடு ஆகியவற்றை மாட்டுவண்டியில் ஏற்றிக்கொண்டு வடக்கே இராமநாதபுரச் சீமைக்கு வந்தனர். வழியிற் கள்வர் அச்சம் உண்டு. ஆகவே பேட்டை அமைத்துக் கூடித் தங்கினர். பேட்டைகள் வளர்ந்து கடைவீதிகளாயின. சிவகாசி, விருதுபட்டி, அருப்புக்கோட்டை முதலிய ஊர்களில் உறவின்முறை என்ற கூட்டமைப்பைக் கண்டனர். ஒவ்வொரு கடையும் தன் வாணிகத்தில் ஒரு சிறுபங்கை மகமை என்று பொதுவுக்குக் கொடுத்தது. கிணறும் சத்திரமும் கோயிலும் அதனால் எழுந்தன. விருதுபட்டியில் 1889-இல் க்ஷத்திரிய வித்தியாசாலை தோன்றியது. வீடுதோறும் எடுத்துவைத்த பிடியரிசி அதற்குத் துணையாயிற்று. பின்னாளில் முதலமைச்சரான காமராசர் அங்கே படித்துப் பின் மாமனின் துணிக்கடையில் அமர்ந்தவரே. தஞ்சை அங்காடியார் ஒன்றுகூடி ஏற்ற பொறுப்புக்கும் இந்த மகமைக்கும் எத்துணை ஒற்றுமை!

ஆயினும் சிவாலயத்தின் வாயில் அவர்களுக்குத் திறக்கவில்லை. 1897 மே மாதத்தில் கமுதி மீனாட்சி சுந்தரேசுவரர் கோயிலுள் அவர்கள் சென்று வழிபட்டனர். வழக்கு எழுந்தது. 1899-இல் சிவகாசியில் கலகம் மூண்டு வீடுகள் எரிந்தன, உயிர்கள் மாண்டன. கமுதி வழக்கு இலண்டன் பிரிவி கவுன்சில் வரை சென்றது. 1908-இல் தீர்ப்பு அவர்களுக்கு எதிராகவே அமைந்தது. தொன்றுதொட்ட வழக்கமே பெரிதாகக் கொள்ளப்பட்டது. எண்ணெய் வாணிகரைத் திருவுருவாக வைத்துப் பூசித்த கோயில்களின் பெயரால், எண்ணெயும் கற்பூரமும் விற்றவர் வாயிலில் நிறுத்தப்பட்டனர். தீர்ப்பு எழுதிய அயல்நாட்டாருக்குச் சேக்கிழாரைத் தெரியாது. வழக்காடிய நம்மவருக்குத் தெரியும். அதுவே நம் நெஞ்சை உறுத்துகின்றது.

அவ்வணிகர் சமயத்தைத் துறந்து போகவில்லை. தங்கள் மகமைப் பணத்தில் தாங்களே கோயில் எடுத்தனர், பொங்கல் விழாக் கண்டனர், பள்ளிகளைப் பெருக்கினர். வாயில் திறக்கும் நாளும் வந்தது. 1939 சூலை 8-ஆம் நாள் வைத்தியநாத ஐயர் தலைமையில் அரிசன மக்கள் ஐவர் மதுரை மீனாட்சியம்மன் திருக்கோயிலுள் நுழைந்தனர். அவர்களுடன் ஆறாமவராகச் சென்றவர் விருதுநகர்ச் சண்முக நாடார். கமுதியில் வழிபாடு குற்றமாக்கப்பட்ட ஆண்டிலிருந்து எண்ணினால், அதற்கு இடையே 42 ஆண்டுகள் கழிந்திருந்தன.