உந்துவிசை அளவீடு

உந்துவிசை அளவீடு என்பது வானூர்தி, ஏவூர்தி ஆகியவற்றின் பொறிகள் உண்டாக்கும் உந்துவிசையைத் தரையில் சோதித்து அறியும் முறையாகும். இவ்வளவீடு பிழையானால், செயற்கைக்கோள் உரிய சுற்றுப்பாதையை அடையாமற் போகலாம்.

அளவிடும் முறை

விசையின் திசையில் மட்டும் மிகச் சிறிதளவு நகரக்கூடிய சட்டத்தில் பொறி பொருத்தப்படுகிறது. பொறி இயங்கும்போது சட்டம், லோட் செல் எனப்படும் விசையுணரியை அழுத்துகிறது. உணரியிலுள்ள மெல்லிய உலோக இழைகளின் மின்தடை அதற்கேற்ப மாறுகிறது. அம்மாற்றத்திலிருந்து விசை கணிக்கப்படுகிறது. எரிபொருட் குழாய்களும் விசையில் ஒரு பகுதியைத் தாங்கக்கூடும். எனவே அளவு தெரிந்த விசையொன்றைச் செலுத்தி, அமைப்பை முன்னரே அளவுதிருத்தம் செய்வர்.

வளியழுத்தத்தின் தாக்கம்

சூழ்ந்துள்ள காற்றின் அழுத்தம் ஏவூர்திப் பொறியின் உந்துவிசையைக் குறைக்கிறது. ஆகவே விண்வெளியில் இயங்கவேண்டிய பொறிகள், காற்று வெளியேற்றப்பட்ட அறையில் சோதிக்கப்படுகின்றன.

தமிழ்நாட்டில்

திருநெல்வேலி மாவட்டம் மகேந்திரகிரியிலுள்ள இசுரோ உந்துவிசை வளாகத்தில் இத்தகைய சோதனை வசதி உள்ளது. எல்.வி.எம்.3 ஏவூர்தியின் மேல்நிலைக்கான சி.இ.20 கடுங்குளிர்ப் பொறி, இங்கு 2022 நவம்பர் 9 அன்று 21.8 டன் (ஏறத்தாழ 214 கிலோநியூட்டன்) வரையிலான உந்துவிசையில் 70 நொடிகள் இயக்கப்பட்டது. அதற்கு முந்தைய பயணங்களில் இப்பொறி 19 டன் அளவிலேயே இயங்கியது.