நிலம் காத்த மரியாதை

பெற்றோரைப் பேணாத பிள்ளைகள் பெருகிவிட்டனர் என்ற குரல் இன்று நம் பங்குகளில் பரவலாகக் கேட்கிறது. கூட்டுக் குடும்பம் குலைந்தது, அதனால் பாசமும் குறைந்தது என்பது அக்குரலின் சுருக்கம். முதியோர் இதனை முறையீடாகச் சொல்கின்றனர். இளையோர் இதனைக் குற்றச்சாட்டாகக் கேட்கின்றனர். ஆனால் முன்னொரு காலத்தில் பாசம் பெருகி ஓடியது, இன்று அது வற்றிவிட்டது என்று முடிவு கட்டுமுன், முன்னைய தலைமுறைகளில் பெற்றோரின் சொல்லுக்கு வலிமை தந்தது எது என்று வரலாற்றைக் கேட்டுப் பார்ப்பது நலம். மதுரை நகரும் அதைச் சூழ்ந்த சமவெளியும் இக்கேள்விக்குத் தெளிவான விடை தருகின்றன.

150 ஆண்டுகளுக்கு முன்னிருந்த மதுரைச் சீமையை எண்ணிப் பார்ப்போம். வையை ஆற்றையும் கண்மாய்களையும் வானத்தையும் நம்பிய வேளாண்மையே மக்களின் வாழ்வு. நிலம் தந்தையின் கையில் இருந்தது. எந்த மடை எப்போது திறக்கும், எம்மாதத்தில் எதை விதைப்பது, யாரிடம் விதைநெல் கடன் கேட்பது என்ற அறிவும் முதியவரிடமே இருந்தது. மகனுக்கு ஆசிரியரும் அவரே, முதலாளியும் அவரே. அவரைப் பகைத்துக்கொண்டு வெளியேறும் மகனுக்கு வேறு பிழைப்பு எளிதில் கிடைக்காது. ஆகவே மரியாதையும் பிழைப்பும் ஒரே கயிற்றின் இரு புரிகளாய் முறுக்கப்பட்டிருந்தன. அன்பு இல்லாமல் இல்லை; ஆனால் அன்பு தளர்ந்த வீட்டிலும் அந்தக் கயிறு பிள்ளைகளைக் கட்டி வைத்தது.

அந்தக் கயிறு எல்லா வீடுகளிலும் இருந்ததா? இல்லை. நிலமற்ற கூலிக் குடும்பங்களில் தந்தை விட்டுச் செல்ல உழைத்த உடலைத் தவிர வேறொன்றும் இல்லை. 1876 முதல் 1878 வரை நீடித்த தாது வருடப் பஞ்சம் அத்தகைய குடும்பங்களையே முதலில் சிதைத்தது. அதற்கு முன்னும் பின்னும், கங்காணிகளின் அழைப்பை ஏற்று மதுரை, இராமநாதபுரம், திருநெல்வேலிச் சீமைகளிலிருந்து இலங்கையின் மலைத் தோட்டங்களுக்கும், பர்மாவுக்கும், மலாயாவுக்கும் சென்றோர் பலர். உடல் வலுவுள்ளோர் கப்பலேறினர். முதியோர் பலர் ஊரிலேயே தங்கினர். பிள்ளைகள் தொலைவில், பெற்றோர் தனிமையில் என்ற நிலை கணினி யுகத்தில் பிறந்தது என எண்ணுகிறோம். ஆனால் அமெரிக்காவுக்கு விமானம் ஏறும் மகனுக்கு முன்னோடி, கண்டிச் சீமைக்கு நடந்து போன மகன்தான்.

நிலம் இருந்த வீடுகளிலும் அந்தக் கயிற்றின் புரிகள் மெல்லப் பிரியலாயின. 1870-களின் நடுவில் மதுரைக்கு இரயில் வந்தது. 1892-இல் இரயில் நிலையத்துக்கு அருகே ஹார்வி சகோதரர்களின் நூற்பாலை நிறுவப்பட்டது. ஊரார் அதை ஹார்வி மில் என்றே அழைத்தனர். 1895-இல் பென்னிகுக் கட்டி முடித்த முல்லைப் பெரியாறு அணையின் நீர், மலையைக் குடைந்த சுரங்கத்தின் வழியே வையையில் சேர்ந்தது. மேலூர்ப் பகுதியின் வறண்ட நிலங்கள் நஞ்சையாயின. சில ஆண்டுகளுக்குள் நிகழ்ந்த இவ்விரண்டும் ஒன்றுக்கொன்று எதிரான திசையில் குடும்பத்தை இழுத்தன என்பது எண்ணத்தக்கது. பெரியாற்று நீர் நிலத்தின் மதிப்பை உயர்த்தி, நிலம் வைத்திருந்த தந்தையின் கையை வலுப்படுத்தியது. ஆலையோ மகனின் கையில் அவனுடைய பெயருக்கே கூலியைக் கொடுத்தது. தந்தையின் சொல்லைக் கேட்காமலேயே பசியாற முடியும் என்பதை நம் சமவெளி இளைஞர் பலர் முதன்முதலில் கற்ற இடம் ஆலை வாயில் என்றால் அது மிகையாகாது.

அடுத்து வந்தது பள்ளி. 1881-இல் தொடங்கிய அமெரிக்கன் கல்லூரியும், பெண்களுக்கென 1948-இல் தோன்றிய லேடி டோக் கல்லூரியும், 1953-இல் தோன்றிய பாத்திமா கல்லூரியும், 1966-இல் நிறுவப்பட்ட மதுரைப் பல்கலைக்கழகமும் நம் குடும்பங்களின் உள்ளமைப்பை மாற்றின. உழவை மகனுக்குக் கற்பித்த தந்தை, வந்த கடிதத்தை மகனிடம் கொடுத்துப் படிக்கச் சொன்னார். மகளும் படித்தாள், ஆசிரியையாகவோ செவிலியாகவோ சம்பளம் வாங்கினாள். வீட்டில் அறிவு மேலிருந்து கீழே பாய்ந்த நிலை மாறி, கீழிருந்து மேலே பாயத் தொடங்கியது. இன்று கைப்பேசியில் வங்கிக் கணக்கைப் பார்க்கப் பேரனை அழைக்கும் பாட்டனார், நூறாண்டுகளாக நடந்துவரும் இம்மாற்றத்தின் இறுதிக் கட்டத்தில் நிற்கிறார்; அவ்வளவே.

பிள்ளைகளின் எண்ணிக்கையும் குறைந்தது. 2019 முதல் 2021 வரை நடந்த தேசியக் குடும்பநல ஆய்வின்படி, தமிழ்நாட்டில் ஒரு பெண்ணுக்குச் சராசரியாகப் பிறக்கும் குழந்தைகள் 1.8 மட்டுமே. ஐந்து பிள்ளைகள் பகிர்ந்த பொறுப்பு இன்று ஒரே பிள்ளையின் தோளில், பல வீடுகளில் வெளியூரில் மணமுடித்துக் கொடுத்த மகளின் தோளில் விழுகிறது. அதைத் தாங்குபவரைப் பாராட்டாமல், தாங்க முடியாமல் தள்ளாடுபவரை மட்டும் பழித்தல் நீதியாகாது.

இவ்வளவையும் சொல்வது பழமையைப் பழிப்பதற்காக அன்று. பழமைக்குப் பொன்முலாம் பூசிப் பார்க்கும் பழக்கத்தை விடுவதற்காகவே. கிராமத்துக் கூட்டுக் குடும்பத்தில் முதியோர் எப்போதும் காக்கப்பட்டனர் என்றால், 2010-ஆம் ஆண்டளவில் நம் அண்டை மாவட்டமாகிய விருதுநகரிலிருந்து வந்த செய்திகளுக்கு என்ன பொருள் சொல்வோம்? படுக்கையில் விழுந்த முதியோரை வீட்டாரே சடங்குபோல் குளிப்பாட்டிச் சாகவிடும் 'தலைக்கூத்தல்' என்னும் கொடுமையை அச்செய்திகள் நாடறியச் செய்தன. கொடுப்பதற்கு ஒன்றும் இல்லாத முதியவர், உறவினர் நடுவிலும் பாதுகாப்பற்றவராய் இருக்கக்கூடும் என்பதே இது கற்பிக்கும் பாடம். 1962-இல் ஆதரவற்ற முதியோருக்கு அரசு ஓய்வூதியம் வழங்கத் தொடங்கியதும் இப்பாடத்தை ஒப்புக்கொண்ட செயல்தான்.

ஆக, நிலம் காத்த மரியாதையை இனி நிலம் காக்காது. பிழைப்பின் புரி அறுந்துவிட்டது. அன்பின் புரி தனித்து நிற்கிறது. தனித்து நிற்கும் அன்புக்குச் சட்டம் எந்த அளவுக்குத் துணை நிற்கிறது என்பதைக் கத்தோலிக்கக் குடும்பங்கள் அறிந்துகொள்வது இன்றியமையாதது. ஏனெனில் நம்மவரிடையே இதுபற்றிய அறியாமை மிகுதி.

நம் வாரிசுரிமையை ஆள்வது 1925-ஆம் ஆண்டின் இந்திய வாரிசுரிமைச் சட்டம். அது மகனையும் மகளையும் சமமாகவே நடத்துகிறது. இந்துப் பெண்களுக்குப் பூர்வீகக் குடும்பச் சொத்தில் பிறப்புரிமை தமிழ்நாட்டில் 1989-இல்தான் கிடைத்தது. கிறிஸ்தவ மகளுக்கோ தந்தையின் சொத்தில் சமபங்கு அதற்கு நெடுநாள் முன்பே ஏட்டில் இருந்தது. ஏட்டில் இருந்தது என்று அழுத்திச் சொல்கிறோம். ஏனெனில் திருமணச் செலவைக் காரணம் காட்டி மகளிடம் விடுதலைப் பத்திரத்தில் கையெழுத்து வாங்கும் வழக்கம் நம் வீடுகளிலும் உண்டு. பங்கு கொடுக்கப்படாத அதே மகளிடம் பின்னாளில் பராமரிப்பை எதிர்பார்க்கும் பெற்றோரும் உண்டு.

அதே சட்டத்தில் பெற்றோருக்கு ஒரு பெருங்குறையும் உள்ளது. உயில் எழுதாமல் ஒரு கிறிஸ்தவர் இறந்தால், அவருடைய சொத்தில் மூன்றில் ஒரு பங்கு மனைவிக்கும், மீதி மூன்றில் இரு பங்கு பிள்ளைகளுக்கும் செல்லும். பெற்றோருக்கு ஒன்றும் இல்லை. இறந்தவருக்குப் பிள்ளைகளோ பேரப்பிள்ளைகளோ இல்லாதபோதுதான் தந்தைக்கும், தந்தை இல்லையெனில் தாய்க்கும் பங்கு பிறக்கிறது. இந்து மகன் இறந்தால் அவனுடைய தாய், மனைவி மக்களோடு முதல் நிலை வாரிசாகிறாள். கிறிஸ்தவத் தாய்க்கு அந்நிலை இல்லை.

இது எங்கே கொண்டுபோய் விடும் என்று ஓர் எடுத்துக்காட்டால் காண்போம். ஒரே மகனின் படிப்புக்காகவும் வீட்டுக்காகவும் தன் நிலத்தை விற்றுக் கொடுத்த கைம்பெண் ஒருவர்; மகன் விபத்தில் இறக்கிறான்; மருமகளும் சிறு குழந்தைகளும் இருக்கின்றனர். மகன் பெயரில் உள்ள வீட்டில் அத்தாய்க்கு வாரிசுரிமை இல்லை. 2007-ஆம் ஆண்டின் பெற்றோர் மற்றும் மூத்த குடிமக்கள் பராமரிப்புச் சட்டத்தை நாடினால், அது பொறுப்பாக்குவது மகன், மகள், வயதுவந்த பேரப்பிள்ளைகள் ஆகியோரையே. பிள்ளைகள் என்பதற்கு அது தரும் விளக்கத்தில் மருமகள் இடம்பெறவில்லை. மருமகள் நல்லவராயின் அத்தாய் வாழ்வார். இல்லையெனில் தன் பணத்தில் எழுந்த வீட்டின் படியில் அவர் அயலாராய் நிற்பார்.

இதற்கு மருந்து நம் கையிலேயே உள்ளது. கிறிஸ்தவர் தம் சொத்து முழுவதையும் உயில் வழியே தாம் விரும்பியவாறு பங்கிடலாம். பெற்றோர் உயிருடன் இருக்கும் ஒவ்வொரு மகனும் மகளும் இளமையிலேயே உயில் எழுதி, அவர்களுக்கு ஒரு பங்கையோ, வாழ்நாள் முழுதும் அவ்வீட்டில் குடியிருக்கும் உரிமையையோ எழுதி வைப்பது அன்பின் செயல். இருவர் சாட்சியாகக் கையெழுத்திட வேண்டும். பயன்பெறுபவரோ அவருடைய வாழ்க்கைத் துணையோ சாட்சியானால், அவருக்கு எழுதிய கொடை செல்லாது போகும். மேலும் கிறிஸ்தவர் திருமணத்துக்கு முன் எழுதிய உயில், திருமணம் ஆனதும் செல்லாததாகிவிடும் என்பதைப் பலர் அறிவதில்லை. தாய்க்கென உயில் எழுதிய மகன், மணமுடித்தபின் அதைப் புதிதாக எழுதியாக வேண்டும்.

பெற்றோருக்கும் ஒரு சொல். உயிரோடு இருக்கும்போதே வீடு முழுவதையும் செட்டில்மெண்ட் பத்திரத்தின் வழியே பிள்ளைக்கு மாற்றிவிட்டுப் பின்னர் வருந்துவோர் உளர். பராமரிக்க வேண்டும் என்ற நிபந்தனையோடு கொடுத்த சொத்தை, பராமரிப்பு மறுக்கப்பட்டால் மீட்க 2007-ஆம் ஆண்டுச் சட்டம் வழி செய்கிறது. அந்நிபந்தனையைப் பத்திரத்திலேயே எழுதுவதும், தமக்கு ஆயுட்கால உரிமையை நிறுத்திக்கொள்வதும் நன்று. பராமரிப்புத் தொகை கேட்டு வருவாய்க் கோட்டாட்சியரின் தீர்ப்பாயத்தை அணுகவும் அச்சட்டம் இடம் தருகிறது. பிள்ளைகளிடம் எழுத்தில் கேட்பது நம்பிக்கையின்மை அன்றோ என்று சிலர் தயங்குவர். திருமறையே இதில் நமக்கு ஆசான். சீராக்கின் ஞான நூல், தந்தை தளர்ந்து அறிவு மங்கினாலும் அவரை இகழாதே என்று மகனுக்குச் சொல்கிறது. அதே நூல் 33-ஆம் அதிகாரத்தில், உயிருள்ள வரை உன் உடைமையைப் பிறருக்குக் கொடுத்துவிட்டு அவர்கள் கையை எதிர்பார்த்து நில்லாதே என்று தந்தைக்கும் அறிவுறுத்துகிறது. அன்பையும் முன்மதியையும் அந்நூல் பகையாக்கவில்லை.

எனினும் எழுத்து எட்டாத இடம் ஒன்று உண்டு. கணவனையும் இரு மகன்களையும் இழந்த நகோமி, தன் மருமக்களைத் தாய்வீடு திரும்பும்படி விடை கொடுத்தாள். நிலம் அவளிடம் பயன் தரவில்லை. சட்டம் ரூத்தைக் கட்டவில்லை. ஊரும் அவளைக் குறை சொல்லியிராது. கட்டாயம் ஏதுமில்லாத அந்த வழியில் ரூத்து மாமியாரோடு நடந்தாள். பெற்றோரை மதிக்கச் சொல்லும் நான்காம் கட்டளை முழுப் பொருளில் கட்டளையாவது அத்தகைய இடத்தில்தான். தந்தையின் வயலுக்காகப் பணிந்த மகனிடம் அக்கட்டளை புதிதாக எதையும் கேட்கவில்லை. தன் சம்பளத்தில் வாழும் மகனிடமும் மகளிடமும்தான் அது உண்மையாகவே கேட்கிறது.

முதியோரும் இதில் தம் பங்கை ஆற்ற வேண்டும். மடையைத் திறக்க ஆணையிட்ட காலம் போயிற்று. ஆணை போனாலும் அறிவுரைக்கு இடம் உண்டு. அறிவுரை கேட்கப்படாத நாளிலும் செபத்துக்கும் நட்புக்கும் இடம் உண்டு. இளையோர் தம் வருவாயில் பெற்றோருக்கென ஒரு பங்கையும், தம் நாளில் அவர்களுக்கென ஒரு நேரத்தையும் ஒதுக்கட்டும். இரு தலைமுறையும் உட்கார்ந்து மனம் திறந்து பேசி, பேசியதை எழுதியும் வைக்கட்டும். நம் முன்னோரின் வீடுகளை வயல் ஒன்றாக வைத்தது. நம் வீடுகளை ஒன்றாக வைக்கும் பொறுப்பு நம்மிடமே விடப்பட்டிருக்கிறது.