கட்டியக்காரன் (செஞ்சி வட்டாரத் தெருக்கூத்து)

தெருக்கூத்தில் களத்துக்கு முதலில் வந்து, விடியும்வரை சபையோரைச் சிரிக்க வைப்பவன் கட்டியக்காரன். வாயிற்காவலன், தூதன், வேலையாள், ஊர்க்காரன் எல்லாம் அவனே. ராஜ வேடங்களுக்குக் கிரீடமும் புஜக்கட்டையும் உண்டு. இவனுக்கு எளிய உடுப்பே போதும்.

விழுப்புரம் மாவட்டத்துச் செஞ்சி, இக்கூத்தை வளர்த்த திரௌபதி அம்மன் வழிபாட்டின் தாயகமாகக் கருதப்படுகிறது. கோட்டையை அடுத்த மேலச்சேரிக் கோயிலே ஆதிக் கோயில் என்பது மரபு. திருவிழா நாட்களில் பகலில் பாரதப் பிரசங்கமும் இரவில் கூத்தும் நடக்கும். படுகளத்துக்கும் தீமிதிக்கும் பிறகே விழா நிறைவுபெறும்.

ராஜா நேராகக் களத்துக்கு வந்துவிடமாட்டார். இருவர் பிடித்த திரைக்குப் பின்னால் சலங்கை ஒலிக்கும். கிரீடத்தின் நுனி மட்டும் தெரியும். அவர் தம் பெருமையை ராகம் இழுத்துப் பாடுவார். கட்டியக்காரனோ நீர் யார், எந்த ஊர், இங்கே என்ன வேலை என்று பேச்சு வழக்கில் குடைந்தெடுப்பான். அஸ்தினாபுரத்துக் கதைக்கு நடுவே ரேஷன் கடையும் வராத பேருந்தும் புகுந்துவிடும். வசனத்தில் பெரும்பகுதி அன்றைய சபையைப் பார்த்து அங்கேயே கட்டுவது. அவனை வெறும் கோமாளி என்பது தவறு. பாரதக் கதையை ஊர்க்கதையாக்குபவன் அவன்தான். துகிலுரிதல் இரவில் அவன் பொறுப்பு கூடிவிடும். துச்சாதன வேடக்காரர் கற்பூரம் ஏற்றி அம்மனை வணங்கிவிட்டே சேலையைத் தொடுவார். சிலருக்கு அருள் வந்துவிடும். எங்கே சிரிக்க வைப்பது, எங்கே அடங்குவது என்பது அனுபவசாலிக்கே பிடிபடும்.

கட்டியக்காரனுடையதைப் போல ஊர்ப்பேச்சில் பிறந்த நகைச்சுவையைச் சின்னத்திரைக்குக் கொண்டுபோகும் சிக்கலை, சென்னைக்குத் தொலைக்காட்சி வருவதற்கு முன்பே ஜெர்மனி சந்தித்தது. கொலோன் நகர மில்லோவிச் அரங்கின் கேலி நாடகம் 1953 அக்டோபர் 27 அன்று நேரடியாக ஒளிபரப்பானது. ஹாம்பர்க்கின் ஓன்சோர்க் அரங்கு 1954-இல் தொலைக்காட்சிக்கு வந்தபோது, தன் வட்டார மொழியைப் பிற பகுதியினருக்கும் புரியும்படி இளக்கிக்கொண்டது. அந்த நாடகங்கள் ஒரு மாலைப்பொழுதில் முடிபவை. எழுதப்பட்ட வசனம் கொண்டவை.

சென்னைத் தொலைக்காட்சி நிலையம் 1975 ஆகஸ்டு 15 அன்று தொடங்கியது. ஆனால் விடிய விடிய நடக்கும் கூத்து, நிகழ்ச்சி நேரக் கணக்குக்குள் அடங்குவதில்லை. செஞ்சி மரபை விரிவாகப் பதிவுசெய்தவர் அமெரிக்க ஆய்வாளர் ஆல்ஃப் ஹில்டெபைட்டல். திரௌபதி வழிபாடு பற்றிய அவரது நூலின் முதல் தொகுதியும் ‘லேடி ஆஃப் செஞ்சி’ ஆவணப்படமும் 1988-இல் வெளிவந்தன. சடங்கையும் வேடத்தையும் ஒளிப்பதிவு நன்றாகவே காக்கும். கட்டியக்காரனின் கேள்விக்குக் கூட்டத்திலிருந்து ஒருவர் பதில் சொல்ல, அதையே பிடித்து அவன் அடுத்த வசனத்தைக் கட்டுவதற்கு மட்டும் எதிரே ஊர் உட்கார்ந்திருக்க வேண்டும்.